வவ்விய ஆறும் மறைந்த மருதியும்: ஆட்டனத்தி கதையில் காவிரியின் உருமாற்றம்

ஆய்வுச்சுருக்கம்

காவிரி வெள்ளம் ஆட்டனத்தியைக் கொண்டு சென்றதும் ஆதிமந்தி அவனைத் தேடி அலைந்ததும் சங்கப் பாடல்களிலும் சிலப்பதிகாரத்திலும் இடம்பெறும் செய்திகள். இவ்விரு மூலங்களையும் ஒன்றாகக் கலந்து ஒரே கதையாகக் கூறுவதே இன்று பெருவழக்கு. ஆனால் பரணர் பாடல்களில் காவிரி தன் விருப்பத்தால் ஓர் ஆடவனைக் கவரும் பெண். சிலப்பதிகாரத்தில் அந்த விருப்பம் நீங்கி, நீர் கற்புக்குப் பணியும் பொருளாகிறது. இம்மாற்றத்தில் இழக்கப்பட்டவள் மருதி. அவளது நீக்கமும் காவிரியின் அடக்கமும் ஒரே மாற்றத்தின் இரு பக்கங்கள் என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

திறவுச்சொற்கள்: காவிரி, ஆட்டனத்தி, ஆதிமந்தி, மருதி, பரணர், வஞ்சினமாலை, கற்பு

முன்னுரை

மனிதரை மயக்கி ஈர்க்கும் ஆறு, தன்னுள் இறங்கியவரை மறைத்துக்கொள்ளும் நீர் என்பன மிகுபுனைவு இலக்கியத்தின் இறக்குமதிச் சரக்குகளாக இன்று கருதப்படுகின்றன. தமிழுக்கு அது புதிதன்று. அழகிய ஆடவன் ஒருவனை விரும்பி, விழாக் கூட்டத்தின் நடுவே அவனைக் கவர்ந்து ஒளித்த ஆறு ஒன்றைப் பரணர் பாடியிருக்கிறார். அந்த ஆறு கற்பனை உலகத்து ஆறு அன்று. தஞ்சை வளநாட்டை உண்டாக்கிய காவிரியே அது.

இக்கதை பொதுவாகக் கூறப்படும் முறை பின்வருமாறு: கரிகாலன் மகள் ஆதிமந்தி, அவள் கணவன் சேர அரசன் ஆட்டனத்தி, புனலாட்டில் அவனைக் காவிரி அடித்துச் சென்றது, அவள் கரைவழியே அழுதுகொண்டு சென்றாள், கடல் அவனைத் திருப்பித் தந்தது. இக்கதையை ஒரே நூலில் தேடினால் கிடைக்காது. ஆதிமந்தி, ஆட்டனத்தி என்னும் பெயர்கள் சங்கப் பாடல்களிலிருந்து வந்தவை. கரிகாலன் மகள், வஞ்சிக்கோன் மனைவி என்னும் உறவு சிலப்பதிகாரத்திலிருந்து வந்தது. சங்கப் பாடல்கள் ஆதிமந்தியைக் கரிகாலன் மகள் என்று கூறவில்லை. சிலப்பதிகாரமோ அவளது பெயரைக் கூறவில்லை. இரண்டையும் இணைத்தபோது கதை முழுமை பெற்றதாகத் தோன்றியது. அம்முழுமைக்காக எது கைவிடப்பட்டது என்பதே இக்கட்டுரையின் வினா.

கழார்த் துறையும் மழையில்லா வெள்ளமும்

ஆட்டனத்தி மறைந்த இடம் கழார் என்னும் காவிரித் துறை. அகநானூறு 222, 376 ஆகிய பாடல்கள் அத்துறையைப் பெயர் சுட்டிக் கூறுகின்றன. கழார்க்கீரன் எயிற்றியார் என்னும் பெண்பாற் புலவரின் பெயரிலும் இவ்வூர் நிலைபெற்றுள்ளது. அகநானூறு 376 அத்துறையின் காட்சியை விரிவாகத் தருகிறது: நெல் விளைந்த கழனி, மருத மரங்கள் ஓங்கிய தோட்டம், சுற்றத்தோடு அமர்ந்து காணும் கரிகாலன், காலில் கழலும் இடையில் கச்சும் மணியும் ஒலிக்க நீரில் ஆடும் அத்தி. ஆபத்து மனித நடமாட்டமற்ற காட்டில் நிகழவில்லை. அரசன் பார்த்திருக்க, ஊர் கூடியிருக்க, முழவு ஒலித்துக்கொண்டிருக்க நிகழ்கிறது.

இக்காட்சியின் பின்னணியில் காவிரியின் தனித்தன்மை ஒன்று உள்ளது. காவிரிப் படுகைக்குப் பெருமழை தருவது வடகிழக்குப் பருவக்காற்று. அது ஐப்பசி, கார்த்திகைத் திங்களுக்குரியது. ஆனால் ஆற்றில் முதல் வெள்ளம் வருவது ஆடியில். குடகு மலையில் தென்மேற்குப் பருவமழை பொழிய, அந்நீர் நெடுந்தொலைவு கடந்து, மழையற்றுக் காற்று மட்டும் வீசும் சோழநாட்டை அடைகிறது. கரையில் நிற்பவர் தலைக்குமேல் வானம் தெளிந்திருக்கிறது. காலடியில் ஆறு உயர்கிறது. காரணம் கண்ணுக்குப் புலப்படாத இடத்தில் இருப்பதால், ஆறு தானே எழுந்து வருவதாகத் தோன்றுவது இயல்பு. ஆடிப்பெருக்கன்று அதனைச் சூல் கொண்ட பெண்ணாகக் கருதிக் காப்பரிசி படைக்கும் வழக்கத்திலும் இவ்வுணர்வு தொடர்கிறது.

ஆற்றின் ஆழத்தையும் பரணர் அறிந்திருக்கிறார். அகநானூறு 6ஆம் பாடலில், ஓடக்கோலும் நிலைகொள்ளாத காவிரி வெள்ளத்தில் வேழப் புணையைத் தழுவித் தலைவன் பரத்தையோடு ஆடியதை அவர் குறிப்பிடுகிறார். இன்று பூம்புகாரில் நின்று காவிரியைக் காண்பவர் இதனை நம்புவது கடினம். கொள்ளிடம், வெண்ணாறு, குடமுருட்டி, அரசலாறு, வீரசோழன் எனப் பிரிந்து, நீர் பாசனத்திற்கே செலவாகிவிட, கடலைச் சேருமிடத்தில் அது வாய்க்கால் அளவிற்குச் சுருங்கியுள்ளது. இவ்வாய்க்காலை மனத்திற்கொண்டு பரணரைப் படிப்பவருக்கு அவர் கூறும் அச்சம் வெறும் அணியாகவே தோன்றும்.

பரணரின் காவிரி: விழையும் ஆறு

ஆதிமந்தி, அத்தி பற்றிய குறிப்புகள் அகநானூற்றில் 45, 76, 135, 222, 236, 376, 396 ஆகிய பாடல்களில் உள்ளன. இவற்றுள் வெள்ளிவீதியார் பாடிய 45ஆம் பாடல் தவிர ஏனையவை பரணருடையவை. ஒரே நிகழ்ச்சியைப் பலமுறை எடுத்தாண்டபோதும் பரணர் ஆற்றின் செயலை ஒரு விபத்தாகக் கூறவில்லை. 222ஆம் பாடலில் காவிரி தாழ்ந்த கரிய கூந்தலையுடைய பெண். அத்தியின் அழகை விரும்பிப் பரந்து வந்து அவனை வவ்வினாள். 376, 396 ஆகிய பாடல்களில் அவன் ஆடிய கோலத்தை விரும்பிக் கொண்டு சென்று ஒளித்தாள். வவ்வுதல், ஒளித்தல் என்னும் இரு வினைகளும் கவனத்திற்குரியவை. வவ்வுதல் பிறர்க்கு உரியதைப் பறித்தல். ஒளித்தல் பறித்ததைத் தனக்கென வைத்துக்கொள்ளுதல். மூழ்கடித்தல், கொல்லுதல் என்னும் பொருள் எங்கும் இல்லை.

இதனைத் தற்குறிப்பேற்றம் என்று கூறிக் கடந்துவிடலாம் என்பது எதிர்பார்க்கத்தக்க மறுப்பு. அம்மறுப்பிற்கு 76ஆம் பாடல் விடை தருகிறது. அங்குப் பேசுபவள் பரத்தை. தலைவனைத் தான் கவர்ந்துகொண்டதாகத் தலைவி பழிக்கிறாள் என்று கேள்வியுற்ற அவள், தலைவியின் பக்கத்தார் கேட்குமாறு சூளுரைக்கிறாள்: சுருண்ட முடியுடைய பொருநனைக் கண்டீரோ என்று கேட்டு ஆதிமந்தி கலங்க, சிறையை உடைத்துக் கிழக்கு நோக்கி ஓடிய காவிரி அவனைக் கொண்டது போல, நானும் அவனைக் கைப்பற்றக் கருதியுள்ளேன் என்கிறாள். ஒருத்தி தன் எண்ணத்திற்கு உவமையாக ஒரு விபத்தைக் கூற இயலாது. எண்ணத்திற்கு எண்ணமே உவமையாகும். காவிரிக்கு விருப்பமும் துணிவும் உண்டு என்று கொண்டால் மட்டுமே இவ்வுவமை நிற்கும். ஆற்றின் வேட்கை இங்கு மேற்பூச்சு அன்று, பாட்டின் தாங்குதூண்.

பிற மொழி இலக்கியங்களோடு ஒப்பிடும்போது இத்தன்மை மேலும் தெளிவாகும். கிரேக்கக் கதையில் ஹைலாசு என்னும் இளைஞன் ஊற்றில் நீர் முகக்கச் செல்கையில் நீருக்குள் இழுக்கப்படுகிறான். அவனை இழுப்பது ஊற்றில் வாழும் நீரணங்கு. ஊற்று அவளது இருப்பிடம் மட்டுமே. இலியத்தின் 21ஆம் காண்டத்தில் இசுகமாந்தர் ஆறு தானே அக்கிலீசை எதிர்த்து எழுகிறது. ஆனால் அதனை இயக்குவது சினம். பரணரின் காவிரியிலோ ஆற்றுக்கும் அணங்குக்கும் இடையே பிரிவில்லை. அதனை இயக்குவது காதல். ஓடும் வெள்ளமே விழையும் பெண்.

இவ்விழைவு மருதத் திணையின் அறச்சிக்கலோடு பிணைந்தது. புதுப்புனலாட்டு, தலைவன் மனைவியைப் பிரிந்து பரத்தையோடு கூடும் களம். நீராடச் செல்லும் கணவன் திரும்பி வருவானா என்னும் மனைவியின் அச்சத்தில் இரண்டு அச்சங்கள் உள்ளன: அவனை மற்றொருத்தி கொள்வாளா என்பது ஒன்று, ஆறு கொள்ளுமா என்பது மற்றொன்று. பரணர் இரண்டையும் ஒன்றாக்கினார். அதனால் அவரது காவிரி ஒரே வேளையில் வெள்ளமாகவும் மாற்றாளாகவும் இயங்குகிறது.

ஆறில்லாத பாட்டு

ஆதிமந்தியார் பெயரில் கிடைக்கும் ஒரே பாடல் குறுந்தொகை 31. அதில் காவிரி இல்லை, வெள்ளம் இல்லை, இறப்பும் இல்லை. வீரர் கூடிய விழாவிலும் மகளிர் துணங்கையாடும் களத்திலும் தேடியும் அவனைக் காணேன் என்கிறாள் அப்பெண். தானும் ஆடுகளத்து மகள், தன் வளையை நெகிழச் செய்தவனும் ஆடுகளத்து மகன் என்று முடிக்கிறாள். பழைய துறைக்குறிப்பு இதனைத் தலைவி அறத்தொடு நின்ற பாடலாகக் கொள்கிறது. அந்நோக்கில் இது காதலை வெளிப்படுத்தும் பாட்டே தவிர, கணவனை இழந்தவளின் புலம்பல் அன்று.

கதையை முன்பே அறிந்தவர் இப்பாட்டைப் படிக்கும்போது இல்லாத ஆற்றை அதற்குள் பாய்ச்சிவிடுகின்றனர். பாட்டு தருவது தேடலை மட்டுமே. அரச குலக் குறிப்பும் இதில் இல்லை. இருவரையும் இணைப்பது ஆடுகளம். வெள்ளிவீதியாரும் 45ஆம் பாடலில் ஆதிமந்தியை நினைக்கும்போது ஆற்றைக் கூறவில்லை. காதலனை இழந்து கலங்கி அலைவதையே கூறுகிறார். பெண் குரலில் முதன்மை பெறுவது அலைதல். பரணர் குரலில் முதன்மை பெறுவது கவர்தல். காணாமற்போனவனைத் தேடுபவளுக்கு எது கொண்டது என்பது உறுதியில்லை. 236ஆம் பாடலில் இவ்வுறுதியின்மையைப் பரணரும் பதிவு செய்துள்ளார். நாடுதோறும் ஊர்தோறும் ஆட்டனத்தியைக் கண்டீரோ என்று கேட்டுச் செல்லும் ஆதிமந்தியின் மனத்தில், கடல் கொண்டதோ, புனல் ஒளித்ததோ என்னும் இரண்டும் மாறி மாறி எழுகின்றன.

மருதி

இத்தேடலுக்கு விடை தருபவள் மருதி. அவளைக் குறிப்பிடுவது 222ஆம் பாடல். திசையெல்லாம் தேடி அறிவு மயங்கிய ஆதிமந்திக்கு அவளது காதலனைக் காட்டிவிட்டு, மருதி கடலுள் புகுந்தாள். பாடல் பெற்ற சிறப்புடையவள் என்று பரணர் அவளைப் போற்றுகிறார். அவள் யார், ஏன் காட்டினாள், ஏன் கடல் புகுந்தாள் என்பன கூறப்படவில்லை. பிற்கால விளக்கங்கள் இவ்வெற்றிடத்தைப் பலவாறு நிரப்ப முயன்றுள்ளன. பாட்டின் அளவில் நின்றால் இரண்டு செயல்களே எஞ்சுகின்றன: காட்டுதல், புகுதல்.

காவிரி செய்தவை வவ்வுதலும் ஒளித்தலும். மருதி செய்தவை இவற்றுக்கு நேர் எதிரானவை. ஒளித்ததை அவள் வெளிப்படுத்துகிறாள். ஒருவனைத் தனக்கெனக் கொள்ளாமல் தன்னையே நீருக்குக் கொடுக்கிறாள். கழார்த் துறையின் மருத மரங்களை 376ஆம் பாடல் சிறப்பித்துக் கூறுவதை இங்கு நினைக்கலாம். மருதி என்னும் பெயர் கரையின் மரத்தை நினைவூட்டுவது தற்செயலாக இருக்கலாம். எனினும் கவரும் ஆற்றுக்கு எதிராகக் காக்கும் கரையின் பெயர் அமைந்திருப்பது பாட்டின் பொருளோடு பொருந்துகிறது.

மேலும் நுட்பமான செய்தி ஒன்று உண்டு. 222ஆம் பாடலில் தோழியை விளித்துப் பேசும் குரல் ஆதிமந்தியின் புகழை விரும்பவில்லை. மருதியைப் போன்ற புகழைப் பெறச் செல்வோமா என்று கேட்கிறது. கணவனை மீட்டுக்கொண்ட மனைவியைவிட, மற்றொருத்தியின் துயர் தீர்த்துத் தான் மறைந்தவளே பின்பற்றத்தக்கவளாகத் தோன்றியிருக்கிறாள். சங்க அகமரபு பெண்ணின் பெருமையைக் கணவனோடு கொண்ட உறவால் மட்டும் அளந்தது என்னும் பொதுக் கருத்தை இவ்வொரு பாட்டே மறுபார்வைக்கு உட்படுத்துகிறது.

வஞ்சினமாலை: பணியும் நீர்

சிலப்பதிகாரத்தின் வஞ்சினமாலையில், பாண்டியன் தேவியிடம் கண்ணகி புகார் நகரத்துப் பத்தினிப் பெண்டிரைப் பற்றிக் கூறுகிறாள். அவர்களுள் ஒருத்தி பொன்னிக் கரையில் செய்த மணற்பாவையை உன் கணவன் என்று தோழியர் கூற, அதனைக் காத்து அங்கேயே நின்றவள். அலை அப்பாவையை அழிக்காமல் சூழ்ந்து சென்றது. அடுத்தவள் கரிகாலன் மகள். வஞ்சிக்கோனைப் புனல் கொண்டபோது அவள் அப்புனலின் பின்னே சென்று அரற்றினாள். கடல் வந்து அவனை முன்னிறுத்திக் காட்டியது. அவள் தழுவி மீண்டாள்.

அடுத்தடுத்து வரும் இவ்விரு கதைகளிலும் அற்புதம் உண்டு; ஆனால் அற்புதத்தின் இருப்பிடம் மாறிவிட்டது. பரணரிடம் ஆற்றல் ஆற்றில் இருந்தது. இளங்கோவடிகளிடம் அது பத்தினியிடம் உள்ளது. ஆறு விரும்பியதாகக் கூறப்படவில்லை. புனல் கொண்டது என்ற அளவில் செய்தி நிற்கிறது. காட்டுதல் என்னும் செயல் அழியவில்லை. அதனைச் செய்பவர் மாறியிருக்கிறார். பரணரிடம் காட்டியவள் மருதி. இங்குக் காட்டியது கடல். மருதி புகுந்து மறைந்த கடலே அவளது செயலையும் எடுத்துக்கொண்டது. கணவன் மீண்டது கற்பின் வலிமையால் என்றால், இடையில் மற்றொரு பெண்ணின் கருணைக்கும் உயிரிழப்பிற்கும் வேலையில்லை. ஆதலின் மருதியின் நீக்கத்தை மறதியாகக் கொள்வதைவிட, புதிய கருத்தமைப்பின் தேவையாகக் கொள்வது பொருந்தும்.

இதே காப்பியத்தின் கானல்வரி இம்முடிவுக்கு அரண் சேர்க்கிறது. அங்குக் கோவலன் பாடும் ஆற்றுவரியில், சோழன் கங்கையையும் குமரியையும் சேர்ந்தபோதும் காவிரி ஊடவில்லை. அவ்வாறு ஊடாமையே பெண்ணின் பெருங்கற்பு என்று அவன் காண்கிறான். பரணரிடம் பரத்தையின் துணிவுக்கு உவமையான ஆறு, இங்கு ஊடல் அறியாத மனைவியாகிவிட்டது. அப்பாட்டைப் பாடுபவன் மனைவியைப் பிரிந்து மாதவியோடு இருக்கும் கோவலன் என்பதை மறத்தலாகாது. ஊடாத ஆற்றைப் புகழ்வது அவனுக்கு வசதியானது. வஞ்சினமாலையின் அற்புதக் கதையைக் கூறுபவள், கணவன் கொலையுண்ட கண்ணகி என்பதும் அத்தகைய முரணே. இளங்கோவடிகள் இவ்விரு கூற்றுகளையும் மாந்தர் வாயில் வைத்திருப்பதால், ஆற்றின் அடக்கத்தை அவர் எளிதாக நம்பிவிட்டார் என்று கூறுவது முறையன்று. அதனை முரணின்றி ஏற்றுக்கொண்டவர்கள் கதையைச் சுருக்கிச் சொன்ன பிற்காலத்தவரே.

கரையும் மரபும்

காவிரிக்குக் கரை எடுத்தவன் என்னும் புகழ் கரிகாலனுக்கு உண்டு. அவனைப் பாடும் பொருநராற்றுப்படையும் பட்டினப்பாலையும் காவிரியின் வளத்தை விரித்துரைத்தும் இச்செயலைக் கூறவில்லை. தெலுங்குச் சோழன் புண்ணியகுமாரனின் மாலேபாடு செப்பேடும், 11ஆம் நூற்றாண்டைச் சார்ந்த முதலாம் இராசேந்திரனின் திருவாலங்காட்டுச் செப்பேடும் காவிரியை அடக்கியவனாகக் கரிகாலனை நினைவுகூர்கின்றன. கரைகடந்த ஆற்றின் முன் காண்போனாக அமர்ந்திருந்த அகநானூற்றுக் கரிகாலன், காலப்போக்கில் ஆற்றை அடக்கியவனாக உயர்கிறான். அவன் மகளாகக் கூறப்பட்டவள் நீரைக் கற்பால் பணியவைக்கிறாள். தந்தைக்குக் கரை, மகளுக்குக் கற்பு என்று இரு மரபுகளும் ஒரே திசையில் நகர்ந்திருப்பது எண்ணத்தக்கது.

இருபதாம் நூற்றாண்டில் பாரதிதாசனின் ‘சேரதாண்டவம்’, கண்ணதாசனின் ‘ஆட்டனத்தி ஆதிமந்தி’ முதலியன இக்கதையைப் புதுப்பித்தன. கதையை நேரடியாக எடுத்தாளாத ஒரு நாவலிலும் அதன் அமைப்பு எதிரொலிப்பதாக இக்கட்டுரையாளர் கருதுகிறார். கல்கியின் ‘பொன்னியின் செல்வ’னில் சிறுவன் அருள்மொழி படகிலிருந்து காவிரியில் விழ, ஒரு பெண் அவனைத் தூக்கித் தந்துவிட்டு மறைகிறாள். காவிரியன்னையே காத்தாள் என்று அரச குடும்பம் நம்புகிறது. நாவலின் பெயரே அந்நம்பிக்கையிலிருந்து பிறக்கிறது. உண்மையில் காத்தவள் வாய்பேச இயலாத மந்தாகினி. நீர் கொண்டவனை மீட்டு மறையும் பெண், அவளது செயலைத் தெய்வ நீருக்கு உரியதாக்கும் சமூகம் என்னும் இரண்டும் மருதியின் கதையோடு ஒத்துச் செல்கின்றன. கல்கி அகநானூற்றைப் பின்பற்றினார் என்பது இங்கு வாதமன்று. ஆனால் மறைக்கப்பட்ட பெண்ணை நாவலின் மையத்துக்கு அவர் கொண்டுவந்தார் என்பது ஒப்புநோக்கிற்கு உரியது.

முடிவுரை

பரணரின் காவிரி விரும்பும், கவரும், ஒளிக்கும். சிலப்பதிகார மரபின் காவிரி ஊடாது. கற்பின் முன் நீர் பணியும். முதலாவது ஆற்றை அஞ்சியவர்களின் பார்வை. இரண்டாவது ஆற்றை அறத்துக்குள் கொண்டுவர விரும்பியவர்களின் பார்வை. இரண்டையும் கலந்து ஒரே கதையாகக் கற்பிக்கும்போது பெயர்கள் பரணரிடமிருந்தும், பொருள் வஞ்சினமாலையிலிருந்தும் வருகின்றன. இழப்பு மருதிக்கும் ஆற்றுக்கும் ஒருங்கே நேர்கிறது. வகுப்பறையில் இக்கதையைக் கூறும் ஆசிரியர் 222ஆம் பாடலையும் வஞ்சினமாலையையும் தனித்தனியாக முன்வைத்தாலே இவ்வேறுபாட்டை மாணவர் தாமே கண்டுகொள்வர்.

இது பாடவேறுபாட்டுச் சிக்கல் மட்டுமன்று. 1934இல் மேட்டூர் அணை செயற்பட்டதிலிருந்து காவிரி அறிவிப்போடு வரும் ஆறாகியிருக்கிறது. ஜூன் 12 என்னும் நாளே அதன் வருகைக்கு அடையாளம். ஆற்றை அன்னை என்று மட்டும் வாழ்த்தும் மொழி இவ்வடக்கத்திற்கு இசைந்தது. ஆயினும் 2018 ஆகஸ்டு 22 அன்று, 1836இல் கட்டப்பட்ட முக்கொம்பு மேலணையின் ஒன்பது மதகுகளை வெள்ளம் அடித்துச் சென்றது. சிறையை உடைத்துச் செல்லும் ஆறு பரணரின் கற்பனையோடு முடிந்துவிடவில்லை. அணைக்கரைகளில் புனலாடச் சென்றவர் திரும்பாத செய்தியைப் படுகையின் மக்கள் இன்றும் கேட்கின்றனர். அவர்களுக்குக் காவிரி அன்னை என்பதோடு, அவள் விரும்பினால் கொள்வாள் என்பதையும் சொல்லித்தந்த பாட்டு ஒன்று உண்டு. ஒளித்ததைக் காட்ட ஒருத்தி வந்தாள் என்பதும் அப்பாட்டிலேயே உள்ளது.